பதினொரு நாள் பிணம்

சீட் பெல்ட்டைப் போட்டுக்கொள்ளுங்கள்.
இனி ரோடு கிடையாது.
ரீஸ் ஆறுதான் ரோடு,
அதுவும் நேற்று ஓடிய இடத்தில் இன்று ஓடாது.

என் பக்கத்தில் ப்ரேமென் தம்பதி,
இருவர் தோளிலும் சாம்பல்நிற அங்கி,
பிப்ரவரி வெயிலில்.
பின்னால் ஒசாகாப் பையன் ஒருவன்,
மடியில் டப்பா,
டப்பாவுக்குள் கூர்முனை வைத்த
ஒரு ஜோடி ரப்பர் காது.

வண்டியை லோ கியரில் இறக்குகிறேன்.
கதவில் பாதிவரை தண்ணீர்.
யாரோ ஜெர்மனில் கடவுளைக் கூப்பிடுகிறார்கள்.

அதோ அந்தப் புல்மேட்டில்தான்
பெரும்போர் நடந்தது.
பதினொரு நாள்.
அதில் நான் பிணம்.

முதுகுக்கடியில் மட்டகௌரி முள்,
வாயோரம் சர்க்கரைப்பாகில் காய்ச்சிய ரத்தம்.
அசையக் கூடாது என்று
மெகாஃபோனில் சொன்னார்கள் எங்களிடம்.
மணல் ஈக்களிடம் யாரும் சொல்லவில்லை.
ஐந்தாம் நாள், பக்கத்தில் செத்துக் கிடந்தவன்
கண்ணைத் திறக்காமலே கேட்டான்:
"உன் நாய்க்கு யார் தீனி போடுறா?"
அவன் பெயர் டிப்பேனே.
பிணமும் பிணமும் பேசிய பேச்சு
கல்யாணத்தில் போய் நின்றது.
படத்தில் எங்களைத் தாண்டி ஒரு குதிரை பாயும்.
அரை விநாடி.
நிறுத்திப் பார்த்தால் என் பூட்ஸ் தெரியும்.

லேமினேட் போட்ட படத்தைத் தூக்கிப் பிடிக்கிறேன்.
இது கோட்டை. அது கோட்டை நின்ற பாறை.
பாறை நிஜம்.
கோட்டையைக் கம்ப்யூட்டரில் கட்டினார்கள்.
மலையை மட்டும் ஏனோ இடவலம் மாற்றிவிட்டார்கள்,
அதனால் கண்ணாடியில் பார்த்தால்தான் சரியாக வரும்.
ரியர்வியூ கண்ணாடியைத் திருப்பி வைக்கிறேன்.
ஒவ்வொருவராக எட்டிப் பார்த்து
"ஆமாம், அதேதான்" என்கிறார்கள்.
அவர்கள் முதுகுக்குப் பின்னால்
பனியோடு நின்றுகொண்டிருக்கிறது மலை,
பார்க்க ஆளில்லாமல்.

"இதன் நிஜப் பெயர் என்ன?" என்கிறான் பையன்.
வரைபடத்தில் எர்ன்ஸ்லா.
டிப்பேனேக்கு பிக்கிரகத்தஹி,
அவன் ஆட்கள் பச்சைக்கல் தேடி
இந்த வழியே நடந்த நாளிலிருந்து.
படத்தில் வேறொன்று.
நீங்கள் காசு கட்டியது
அந்த மூன்றாவதற்கு.

கடைசி இடம்,
அரசன் இளைய மகனை வழியனுப்பும் தீவு.
படத்தைத் தூக்கிப் பிடிக்கிறேன்.
எதோடும் பொருந்தவில்லை.
போன வாரத்து வெள்ளம்
தீவையும் ஏழு வில்லோ மரங்களையும்
ஏரிக்குக் கொண்டுபோய்விட்டது.
"அங்கே" என்று கையை நீட்டுகிறேன்.
அங்கே சாம்பல் தண்ணீர்.
ப்ரேமென்காரி அழுகிறாள்.
நான் ஒன்றும் சொல்லவில்லை.
தீவு இருந்தபோதும்
இந்த இடத்தில் அழத்தான் செய்தார்கள்.

திரும்பும்போது பின்சக்கரம் புதைந்தது.
அங்கியை இடுப்பில் சொருகிக்கொண்டு
தள்ளினார்கள் பாவம், முழங்கால் சேறு.
டிராக்டரோடு வந்தார் க்ளைட் மக்காஸ்கில்.
அவர் அந்தப் படத்தைப் பார்த்ததே இல்லை.
அவருடைய எழுபது ஆட்டுக்குக் கறுப்புச் சாயம் பூசிய
கம்பெனிக்காரர்களை இன்னும் திட்டுகிறார்,
வடத்தைக் கட்டும்போதும் திட்டினார்.
அன்று எடுத்த போட்டோக்களில்
அதிகம் இருப்பது அவர்தான்.

இரவு பெர்த்திலிருந்து டிப்பேனே பேசினான்.
அங்கே சுரங்கத்தில் இரண்டு வாரம்,
இங்கே ஒரு வாரம், அப்படி ஓடுகிறது வாழ்க்கை.
தீவு போச்சு என்றேன்.
"எது, அந்தப் பாறாங்கல் குப்பையா?" என்றான்.
பிறகு கொஞ்ச நேரம் இருவருமே பேசவில்லை.

முதலாளி சொல்கிறார்:
மேலே இன்னொரு மணல்திட்டு இருக்கு,
இரண்டு வில்லோவும் இருக்கு,
அதைக் காட்டு, யாருக்குத் தெரியப்போகுது?
எனக்குத் தெரியும்.
திருப்பிப் போட்ட மலைக்கு
என்னிடம் ஒரு கண்ணாடி இருக்கிறது.
இல்லாத தீவுக்கு என்ன வைப்பது?

வண்டியைக் கழுவும்போது
சீட்டுக்கடியில் ஒரு ரப்பர் காது.
வலது.
நாளை ஒன்பது மணிக்கு எட்டுப் பேர்.
டீசல் போட வேண்டும்.