நீளக் கை

வில்மா ஆஸ்டர்ஹவுட் விருந்துக்குப் பேருந்தில்தான் போவாள்.
இரண்டு நிறுத்தம் முன்பே இறங்கி
கையுறை மாட்டிக்கொண்டு நடப்பாள்.
சின்சினாட்டியின் குன்றுமேல் வீடுகளில்
அவளுக்கு நாற்காலி உண்டு, தட்டு கிடையாது.
சமையல்காரி பெர்னீஸ் பின்வாசலில் பொட்டலம் தருவாள்:
பாதி வாத்து, நசுங்கிய கேக்.

முப்பத்தொரு வருஷம்.
யார் பக்கத்தில் யார், என்ன துணி.
எந்த முத்து போலி என்று தெரியும்,
எழுதமாட்டாள்.
கொலைவழக்கு எழுதுகிறவர்கள்
அவள் பக்கம் மீன் சுற்ற ஆகும் என்பார்கள்.
அவளும் சிரிப்பாள்.
பெயரில் ஓர் எழுத்து பிசகினால் மட்டும்
அச்சுக்கூடம்வரை இறங்கி வருவாள்.
ஈய எழுத்து கோத்தவன் நான், எனக்குத் தெரியும்.

தார் உருகிய ஒரு ஜூலையில் எழுதியிருந்தாள்:
திருமதி லெவரிங், கடல்பச்சைப் பட்டு,
மணிக்கட்டுவரை நீளக் கை.
ஆகஸ்டில் மறுபடி நீளக் கை.
அடுத்த ஜூனில் கழுத்துவரை மூடிய லேஸ்.
இடம் போதவில்லை,
கையை வெட்டட்டுமா என்றேன்.
கேக்கை வெட்டு என்றாள்.

விவாகரத்து வழக்கில்
வங்கிக்காரர் லெவரிங்குக்கு மூன்று வக்கீல்.
அவர் மனைவி ஒரு பிஸ்கட் டப்பாவைத் திறந்தாள்.
பதினேழு பத்தித் துண்டுகள், பதினேழு தேதிகள்.
நீதிபதி மருத்துவரின் சீட்டுகளை
ஒவ்வொன்றாகப் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்.

அதன்பிறகு அழைப்பிதழ்கள் குறைந்தன.
அவள் பென்சிலை எடுத்தால்
சில ஆண்கள் மனைவியை மறுபக்கம் நகர்த்தினார்கள்.

கடைசிப் பத்தி நாய்க் கண்காட்சி.
நாற்பது நாய்கள்.
ஒரு பெயரிலும் பிழையில்லை.