குதிகால்

இரவுப்பணியில் மருந்துக்கடைக் கண்ணாடியின் துவாரம் வழியே
ஒரு சீட்டு நுழைந்தது.
பின்னாலேயே இருமல்.

நோல்பெர்த்தோ ஓயார்சுன், வயது அறுபத்தேழு.
வண்ணத்துப்பூச்சிக் குன்றுக்கு எரிவாயு உருளை சுமப்பவர்.
வால்பரைசோவில் குன்றென்றால் படி,
படியென்றால் இவர் முதுகு.

சீட்டில் இரண்டே வரி.
பிரெட்னிசோன், ஐந்து நாள்.
லெவோஃப்ளாக்சசின், ஏழு நாள்.

நெஞ்சுக்கு இரண்டும் நல்லதே.
ஒன்று வீக்கத்தை அடக்கும், மற்றது கிருமியை.
சேர்ந்து வரும்போதோ
யாரும் பார்க்காத இடத்தில் கைவைக்கும்:
கெண்டைச்சதையைக் குதிகாலோடு
இழுத்துக் கட்டிய அந்தக் கயிற்றில்.
அறுபது தாண்டியவர்களுக்குக் கொஞ்சம் கூடுதலாய்.
எல்லோருக்குமல்ல. அபூர்வம்தான்.

அபூர்வத்தின் பெயர் எனக்குத் தெரியும்.
எடெல்மிரா.
மூன்று குளிர்காலத்துக்கு முன்
இதே துவாரத்தில் இரண்டு பெட்டிகளையும் தள்ளிவிட்டு
மீதிச் சில்லறையைச் சரியாக எண்ணிக் கொடுத்தேன்.
பதினோராம் நாள், படியிறங்கும்போது
சுள்ளி ஒடிந்ததுபோல் கேட்டதாம்.
கல்லெறிந்தது யாரென்று
திரும்பிப் பார்த்தாராம்.

மருத்துவரின் தொலைபேசி நான்கு முறை அடித்து ஓய்ந்தது.
"பெட்டியைக் கொடு பெண்ணே,
விடிந்தால் நாற்பது உருளை."
"பென்சிலின் ஒத்துக்கொள்ளுமா?"
"பட்டாளத்தில் போட்டார்கள். சாகவில்லை."

ஐந்தாம் முறை தூக்கக் குரல் எடுத்தது.
வயதைச் சொன்னேன்.
படிகளைச் சொன்னேன்.
எடெல்மிராவைச் சொல்லவில்லை.
அந்தப் பக்கம் ஒரு தீக்குச்சி உரசும் சத்தம்,
பிறகு வேறொரு மருந்தின் பெயர்.

பிரெட்னிசோன் பெட்டியில் பேனாவால் ஒரு சூரியன் வரைந்தேன்:
காலையில், சாப்பிட்டபின்.
இரவில் போட்டால் தூக்கத்தைத் தின்றுவிடும்.
பசி எடுக்கும். வீட்டில் எரிந்து விழுவீர்கள்,
அது மாத்திரையின் கோபம், உங்களுடையதல்ல.
"என் மனைவியிடம் இதை எழுதிக் கொடு" என்றார்.
எழுதிக் கொடுத்தேன், கடை முத்திரையோடு.

மற்றதில் சூரியனும் நிலாவும்.
இருமல் நின்றாலும் ஏழு நாளும்.
"அந்த ஏழு நாளும் உருளையை யார் தூக்குவது?"

என் பின்னால் நானூறு இழுப்பறைகள்.

எதிர்ப் படிக்கட்டில் ஏறினார்.
எட்டாம் படியில் அவர் குதிகால்கள்
துவாரத்தின் உயரத்துக்கு வந்தன.
இருமுவதற்காக அங்கேயே நின்றார்.
வலது செருப்பு ஒருபக்கமாய்த் தேய்ந்திருந்தது.

அடுத்தவர் சீட்டை நீட்ட
துவாரம் அடைபட்டது.