ஏழு கட்ட வண்டி

சங்ககிரி பைபாஸ் எடைமேடையில்
எனக்கு ராத்திரி டூட்டி.
நாற்பது ரூபாய் கையில் இல்லாமல்
கிளீனர் மாதேசு விட்டுப்போன பொருள் இது.
சாம்பல் பிளாஸ்டிக், மஞ்சள் பொத்தான்கள்,
நெற்றியில் ஒன்பதாயிரத்துச் சொச்சம் ஆட்டம் என்று எழுத்து.
எண்ணிப் பார்த்தேன், இருப்பது எட்டு.
அதில் ஒன்றுதான் ரேஸ்.
"ஒடிசா லோடு எறக்கிப்போட்டு வாரப்ப
காசு குடுத்து வாங்கிக்கறனுங்க்கா."
அது ஆடி.
இப்போது கார்த்திகை.

கார் என்றால் ஏழு கட்டம்.
மூக்குக்கு ஒன்று, தோளுக்கு மூன்று,
இடுப்புக்கு ஒன்று, பின்னால் சக்கரம் இரண்டு.
எதிரில் வருவதும் அதே ஏழு.
பிரேக் கிடையாது, வளைவு கிடையாது,
தொப்பூர் இறக்கத்தை இதில் யாரும் வைக்கவில்லை.
இடம், வலம், அவ்வளவுதான்.
அழுத்திப் பிடித்தால் வேகம்.
அப்போது வரும் சத்தம்
தீப்பெட்டிக்குள் வண்டு.

மணிக்கொரு தரம் கரண்ட் போகும்.
எடை காட்டும் சிவப்பு எண்ணுக்கு மட்டும் பேட்டரி உண்டு,
டியூப்லைட்டுக்கு இல்லை,
இந்தத் திரைக்கோ சொந்த வெளிச்சமே இல்லை.
ஆட்டத்தை நிறுத்தி வைத்து
இருட்டில் காத்திருப்பேன், பொத்தான்மேல் விரல்.
சுண்ணாம்புக்கல் லாரி ஒன்று மேடை ஏற,
ஹெட்லைட் ஜன்னல் வழியே மடியில் விழும்.
அந்த முக்கால் நிமிடத்தில்
பதினாலு வண்டி தாண்டியிருக்கிறேன்.
"எத்தனைங்கம்மிணி?"
"முப்பத்தொண்ணு எரநூத்தி நாப்பதுங்க."
இப்படி ஒருநாள் கண் திரையிலேயே இருக்க
வெறும் வண்டிக்கு லோடு எடை போட்டு
முதலாளியிடம் வாங்கிக் கட்டிக்கொண்டது தனிக்கதை.

மாதேசின் அதிகப் புள்ளி எட்டாயிரத்து எழுநூறு.
ஓரத்தில் எப்போதும் நிற்கும்.
நான் நாலாயிரத்தைத் தாண்டியதில்லை.
ஐப்பசி கடைசியில் கட்டங்கள் வெளிறத் தொடங்கின,
கார்பன் தீர்ந்த ரசீது மாதிரி.
டார்ச்சில் ஒரு பேட்டரி, சுவர்க்கடிகாரத்தில் ஒன்று,
மாற்றிவிடலாம்தான்.
ஆனால் கழற்றினால் அவன் புள்ளி அழிந்துவிடும்.
மூன்று ராத்திரி சும்மா இருந்தேன்.
நாலாம் ராத்திரி எடைச்சீட்டு ஒன்றைக் கிழித்தேன்.

வண்டி எண்: ஏழு கட்டம்
சரக்கு: ரேஸ்
மொத்த எடை: 8,700
வெறும் எடை: தெரியவில்லை
பார்ட்டி: மாதேசு
கட்டணம்: நாற்பது, பாக்கி.

சீல் குத்தி மேசைக் கண்ணாடிக்கடியில் சொருகினேன்.
அப்புறம்தான் கழற்றினேன்.
கடிகாரம் இரண்டேகாலில் நின்றது.
காலையில் டூட்டி மாற்ற வந்த பொங்கியண்ணன்
சுவரைப் பார்த்தார், வானத்தைப் பார்த்தார்,
"ஏனுங்க, எனக்குத்தான் என்னமோ ஆயிப்போச்சு" என்று
இன்னொரு டீக்குப் போய்விட்டார்.

ஒன்று வெகுநாள் கழித்துத்தான் பிடிபட்டது.
என் கார் முன்னால் போவதே இல்லை.
திரையின் அடியில் அதே வரிசையில் நிற்கிறது.
ஓடுவதெல்லாம் ஓரத்துச் சுவர்தான்.
தெரிந்தும் உள்ளங்கை வியர்க்கிறது,
இடித்தால் வாயில் "அய்யோ" வருகிறது.
பவானிக்கு அந்தப் பக்கம்
ஒரு தடவை போயிருக்கிறேன், கல்யாணத்துக்கு.

நேற்று மழை. வண்டியே இல்லை.
அறுபது டன் மேடையின் நடுவில்
இதை வைத்துவிட்டு உள்ளே ஓடிவந்து பார்த்தேன்.
பூஜ்யம்.
பத்து கிலோவுக்குக் கீழே எதுவும்
இந்த மேடைக்குத் தெரியாது.
திரும்பப் போய்க் கையில் எடுத்துக்கொண்டு
நானே நின்றேன்.
நனைந்த கண்ணாடிக்குள் சிவப்பாய் ஐம்பது.
இறங்க வேண்டியதுதான், இறங்கவில்லை.
கோட்டை மலை இருட்டைத் தாண்டி
ஈரோட்டுப் பக்கமிருந்து ஒரு வெளிச்சம் திரும்பியது,
கட்டங்கள் தெரிந்தன,
அழுத்தினேன்.

ஹாரன் அடித்தார்கள்.
இன்னும் மூன்று வண்டி தாண்ட வேண்டியிருந்தது.