சரி என்று எழுதிய கேக்

தொலைபேசியில் அவர் கேட்டது ஒரே ஒரு சொல்.
"சாக்லேட்டில் 'சரி' என்று எழுதுங்கள்.
அதன்மேல் கண்ணாடிபோல் ஒரு பூச்சு.
பூ வேண்டாம். பெயர் வேண்டாம்."
என்ன விசேஷம் என்றேன்.
சனிக்கிழமை ஐந்து மணி என்றார்.

செங்காங்கில், பதினோராவது மாடியில்,
இரண்டு பேர் நின்றால்
ஒருவர் வயிற்றை எக்க வேண்டிய வீவக சமையலறை.
முதலில் ஏப்ரிகாட் ஜாம்.
சூடாக்கி நீர்விட்டு, துளி கிரீமில் தடவிப் பார்த்தேன்.
மஞ்சள் காமாலை.

அடுத்து ஜெலட்டின்.
பொட்டலத்தைத் திருப்பித் திருப்பிப் படித்தேன்.
எந்தப் பிராணியின் எலும்பென்று ஒரு வரி இல்லை.
விசேஷத்தையே சொல்லாதவர் வீட்டுக்கு
யார் யார் வருவார்களோ.
அலமாரிக்குள் தள்ளினேன்.

பிறகு கடற்பாசித் தூள், இரண்டு கிராம்.
இரண்டா மூன்றா என்று
தராசு மனம் மாறிக்கொண்டே இருந்தது.
கால் லிட்டர் தண்ணீர், ஒரு கைப்பிடிச் சீனி,
எலுமிச்சை நான்கு சொட்டு.
கொதித்த பின்னும் இரண்டு நிமிடம் கிண்ட வேண்டும்;
இல்லாவிட்டால் மணல்மணலாய்ப் பழிவாங்கும்.
கிண்டினேன். வடிகட்டினேன்.
வடிகட்டி காலைத் தேநீருடையது.
கிண்ணத்தில் நின்றது இளம்பழுப்பில்
யாருக்கும் வேண்டாத ஒரு டீ.

மறுபடி வைத்தது தெளிந்தது.
பாத்திரத்தின் அடிக்கீறல்களை எண்ண முடிந்தது.

இனி சூடுதான் கணக்கு.
கொதிக்கக் கொதிக்க ஊற்றினால் எழுத்து கரையும்.
ஆறவிட்டால் கரண்டியிலேயே கட்டிபிடிக்கும்.
மணிக்கட்டில் ஒரு சொட்டு விட்டுக் காத்திருந்தேன்.
சுடுகிறது.
சுடுகிறது.
இப்போது, என்கிற நேரத்தில்
வாசலில் ரொஸ்னா:
மழை வருது, உங்க துணிக்கம்பு வெளியே!

கம்பை இழுத்துப் போட்டுத் திரும்பினால்
பாத்திரத்தில் உறைந்த குளம்.
கடற்பாசி மறுபடி கொதித்தால்தான் இளகும்.
கொதித்தது. மணிக்கட்டைக் கேட்காமல் ஊற்றினேன்.

'ரி'யின் தலைவளைவுதான் முதலில் நெகிழ்ந்தது.
பள்ளியில் அதற்கு மேல்விலங்கு என்று பெயர்.
விலங்கு கழன்று
பழுப்புக் கோடாய் ஓரத்துக்கு வழிந்தது.
கேக்கில் மிச்சம், 'சர'.
வெளியே மழை இன்னொரு 'சர' சேர்த்தது.

சிரித்துவிட்டேன். மணி மூன்றரை.
உறைந்ததும் கத்தி நுனியால் ஓரத்தைத் தூக்கினேன்.
தாள்போல் முழுசாய் வந்தது, எழுத்தையும் சுமந்துகொண்டு.
நின்றபடியே தின்றேன். எலுமிச்சை கொஞ்சம் கூடுதல்.

கிரீமை நிரவி மறுபடி எழுதினேன்.
விலங்கை இம்முறை அழுத்திப் போட்டேன்.
போட்டபின் தயக்கம்.
யாரோ கேட்டதற்கு இது சம்மதமா,
இல்லை, சண்டையைப் பாதியில் விட்டுவிட்டு
எழுந்துபோகும் ஒருவரின் 'சரி'யா?
அழுத்தம் எதற்குப் பொருந்தும்?
மணிக்கட்டில் சொட்டு. சுடவில்லை.
ஊற்றினேன். நடுவிலிருந்து ஓரத்துக்குத் தானே நடந்தது.
இரண்டு குமிழ், பல்குச்சியால் உடைத்தேன்.
குழல்விளக்கு முழுநீளத்தில் வந்து
சொல்லின் குறுக்கே படுத்துக்கொண்டது.

ஐந்துக்குப் புவியரசன் வந்தார், தோள் நனைந்து.
பெட்டியைத் திறந்து குனிந்தார்.
சொல்லின்மேல் அவர் முகம்.
நெற்றி முடியை ஒதுக்கிக்கொண்டார்.
"தெரிகிறது" என்றார்.
எது என்று நான் கேட்கவில்லை.
கைப்பேசியில் பணம் அனுப்பினார்.
மின்தூக்கி மூடும்வரை
பெட்டியைத் தண்ணீர்க் குடம்போல் தாங்கி நின்றார்.

பாத்திரத்தைக் கழுவப் போனேன்.
அடியில் மிச்சம் உறைந்திருந்தது.
கவிழ்த்துத் தட்டினேன்,
உள்ளங்கையில் வட்டமாய் விழுந்தது.
சன்னலுக்கு எதிரே பிடித்தேன்:
எதிர் புளோக் கொஞ்சம் வளைந்து,
மழை விட்டு,
ஒவ்வொரு மாடியாய்த் துணிக்கம்புகள்
வெளியே வரத் தொடங்கியிருந்தன.