இந்த வருஷத்துச் சட்டை

பகலில் மாமன்மாரை வெளுப்பது என் வேலை.
செல்லூரில் பிளக்ஸ் கடை,
காதணி விழா, கடைத் திறப்பு, கட்சிக்காரர் பிறந்தநாள்.
"தம்பி, ஒரு பத்து வயசக் குறைச்சு விட்ரு"
என்று சொல்லாதவர் இதுவரை வரவில்லை.
குறைப்பேன்.
நரையை மூடி, கன்னத்துக் குழியை நிரப்பி,
கழுத்துச் சங்கிலியையும் கொஞ்சம் தடிப்பாக்கி.

ஷட்டரைப் பாதி இறக்கிய பிறகு
அதே மவுஸ், அதே கை,
வேறு தொழில்.

பதிமூன்று வருஷத்துக்கு முந்திய கால்பந்து கேம்.
செய்த கம்பெனி எப்போதோ கைகழுவிவிட்டது.
ஓய்வு பெற்றுத் தொப்பை போட்டவனும் அதற்குள்
இருபத்து நாலு வயசில் இடதுபக்கம் ஏறி ஓடுகிறான்,
காலாவதியான சட்டையில்.
இங்கே நான் வயசைக் கூட்டுகிறேன்.
புருவத்துக்கு மேல் ஒரு கோடு.
தாடியில் இரண்டு வெள்ளை.
முன்நெற்றி ஒரு விரல் பின்வாங்குகிறது.
யாரும் கேட்கவில்லை, யாரும் காசு தரவில்லை.

சட்டை என்றால் முழுச் சட்டை இல்லை.
உரித்த ஆட்டுத் தோல் மாதிரி விரிந்து கிடக்கும்:
நெஞ்சு ஒரு பக்கம், முதுகு தலைகீழ்,
காலர் எங்கோ மூலையில் ஒரு துண்டு.
ஆயிரத்து இருபத்து நான்கு புள்ளி அகலம், அதே உயரம்.
ஒன்று கூடினாலும்
நாற்பத்து மூன்றாம் நிமிஷம் ஆட்டம் அணைந்து
டெஸ்க்டாப்பில் முதலாளி வைத்த கருப்பசாமி தெரிவார்.
தையல் கோடு விலகினால்
ஓடும்போது அக்குளில் கிழிந்தது போலிருக்கும்.
யாரும் பார்க்கமாட்டார்கள்.
எனக்குத் தெரியுமே.

"புதுசு வாங்கேண்டா" என்கிறான் இபுராகிம்ஷா.
புதுசு இந்த மெஷினில் ஏறாது.
ஏறினாலும், பழையதில் பந்துக்கு ஒரு கனம் உண்டு,
மழைக்கு மறுநாள் அரசரடி மைதானத்தில் இருக்குமே, அது.

சித்திரையில் அழகர் ஆற்றில் இறங்குமுன்
பெட்டிக்குள் கைவிட்டுப் பட்டெடுப்பார்கள், பார்க்காமல்.
பச்சையா, சிவப்பா என்று
தல்லாகுளத்தில் ராத்திரியெல்லாம் நிற்கும் ஊர்.
அதே அழகர். அதே குதிரை.
அதே ஆறு, தண்ணி திறந்துவிட்டால்.
ஜூலையில் கிளப்புகள் புதுச் சட்டை காட்டும் இரவுகளில்
நானும் அப்படித்தான் விழித்திருக்கிறேன்.
அம்மாவிடம் சொன்னால் வாயிலேயே போடுவாள்.

ஒரு தடவை
மைதானத்து விளம்பரப் பலகைகளை நிரப்ப ஒன்றும் கிடைக்காமல்
கடை டிசைன்களையே எடுத்துப் போட்டேன்.
மாற்ற மறந்து அப்படியே அனுப்பியும் விட்டேன்.
மழையில் நனையும் ஐரோப்பிய இறுதி ஆட்டம்,
எழுபதாயிரம் பேர், கார்னர் கொடிக்குப் பின்னால்
'முத்துக்காளை லேத் ஒர்க்ஸ், சிம்மக்கல்'.
இந்நேரம் பெரு நாட்டில் எவனோ ஒருவன்
முத்துக்காளைக்கு முன்னால் கோல் போட்டு
முழங்காலில் சறுக்கிக்கொண்டிருப்பான்.
முத்துக்காளைக்குத் தெரியாது.
பில் பாக்கி வேறு.

கடைசியாக எங்கள் அணி.
அரசரடியில் ஞாயிறு காலை ஆடும் பதினோரு பேர்,
பெரும்பாலும் ஒன்பது.
கோலி பவுன்ராஜ், பரவை மார்க்கெட்டில் மூட்டை இறக்குகிறவன்.
டியூப்லைட்டுக்குக் கீழே நிறுத்தி
முன், இடம், வலம் படம் எடுத்தேன்.
"வெளுக்கட்டுமா?" பழக்கதோஷம்.
"எங்காத்தாளுக்கு அடையாளம் தெரியணும்ல."
தாடைத் தழும்பையும் விட்டுவைத்தேன்.
அவன் சுருட்டை மட்டும் கேமில் கிடையாது;
ஒரு டென்மார்க்காரன் முடியை ஒட்டிக் கருப்படித்தேன்.

பவுன்ராஜ் பவுன்ராஜைப் பார்த்தான்.
கேமரா நெருங்க, கையுறையை இழுத்து மூக்கைத் துடைத்தான்
உள்ளே இருப்பவன்.
வர்ணனைக்காரருக்கு அவன் பேர் வராது;
"கோல்கீப்பர்" என்றார்.
"அவ்வளவுதானா?"
"அவ்வளவுதான்."
ஐந்தாம் நிமிஷம் காலுக்கடியில் பந்தை விட்டான்,
போன ஞாயிறு விட்ட அதே மாதிரி.
அதற்கு நான் ஒன்றும் செய்யவில்லை, சத்தியமாக.

ரொம்ப நேரம் பேசாமல் இருந்தவன்
ஸ்கிரீனில் விரலை வைத்து
"நம்ம சட்டையில காலரு பச்சைல்ல?" என்றான்.

பச்சைதான்.
மணி ஒன்றே முக்கால்.
ஃபைலை மறுபடி திறந்தேன்.