ஒன்பது வினாடி

டப்பா எண் 4417. மூடியைத் திறந்தாலே காடி நெடி.
படச்சுருள் உள்ளே புளித்துக்கொண்டிருக்கிறது.
அட்டையில் யாரோ பென்சிலில்:
திரியெஸ்தே துறைமுகம், மார்ச் 1955, ஒலி இல்லை.
பெண். கைக்குட்டை. விடைகொடுத்தல்.

பதினோரு ஆவணப்படங்களுக்கு விற்றிருக்கிறேன் அவளை.
வினாடிக்கு நாற்பத்திரண்டு யூரோ, வரி தனி.
ரோமில் ஒருவர் வேகத்தைப் பாதியாகக் குறைத்தார்,
துயரம் இரட்டிப்பாகுமாம்.
மெல்போர்னில் ஒருத்தி
எங்கிருந்தோ ஒரு கப்பல் சங்கும்
நான்கு கடற்காகங்களும் கொண்டுவந்து ஒட்டினாள்.
போன வருஷம் ஒரு டிவிக்காரன்
இடவலம் மாற்றிப் போட்டு
வேறொரு ஊரில், வேறொரு போருக்குப் பிறகு
யாரையோ வரவேற்க வைத்தான்.
ஒப்பந்தத்தில் அதைத் தடுக்க ஒரு வரி உண்டு.
பணம் வந்துவிட்டது. நான் அந்த வரியைத் தேடவில்லை.

பிறகு ஒரு செவ்வாய்க்கிழமை, தொலைபேசி.
"எர்சிலியா வஸ்கோத்தோ பேசுகிறேன்.
நேற்றிரவு டிவியில் என்னைப் பார்த்தேன்.
கோட்டு இரவல், அதை விடுங்கள்.
நான் யாருக்கும் கையசைக்கவில்லை, சின்யோரா.
தள்ளிப் போ என்றேன் அந்தக் கேமராக்காரனை.
தடிமாடு மாதிரி மறைத்துக்கொண்டு நின்றான்.
அவனுக்குப் பின்னால் கப்பல்,
கப்பலில் என் அண்ணன் நெரேயோ.
அவன் தள்ளவில்லை. திரும்பி நின்று
கப்பலை எடுக்க ஆரம்பித்தான்.
நான் பார்த்தது ஒரு முதுகு."

மன்னிப்புக்கென்று எங்களிடம் படிவம் கிடையாது.
நான் அட்டையைப் புரட்டிக்கொண்டிருந்தேன்.
அவள்தான் கேட்டாள்:
"அப்படியானால், அவன் பார்த்தது
உங்களிடம் இருக்க வேண்டுமே?"

இருந்தது. 4418.
நாற்பது வினாடி. இதுவரை ஒருவரும் வாங்காதது.
குவியம் தப்பி, காற்றில் ஆடி,
எந்த இயக்குநருக்கும் உதவாது.
பழைய அட்டையில் 'விடைகொடுத்தல்' என்பதை அடித்தேன்.
அந்த இடத்தில் எழுத
வகைப்பட்டியலில் சொல் இல்லை.

வியாழன் அன்று போரா காற்று.
தெருவோரம் கட்டிய கயிற்றைப் பிடித்துப் பிடித்து வந்தாள்,
எண்பத்தொன்பது வயது, சிவப்பு மூக்கு.
காப்பி வேண்டாம் என்றாள். விளக்கை அணைத்தேன்.

கம்பி நெடுகத் தலைகள், கடுகு கடுகாய்.
தொப்பிகள். ஒரு குழந்தையைத் தூக்கிக் காட்டும் கை.
"திரும்பப் போடு."
போட்டேன்.
"அந்த மூன்றாவது... இல்லை. அவன் குள்ளம்."
பெரிதாக்கினால் முகம் இல்லை,
கொதிக்கும் புள்ளிகள் மட்டும்.
மறுபடி.

ஏழாம் தடவையோ எட்டாம் தடவையோ,
நானும் நெரேயோவைத் தேடத் தொடங்கி
திரையை நோக்கிக் குனிந்துவிட்டேன் போலும்.
பக்கத்தில் ஒரு கை எழுந்தது.
முதலில் மணிக்கட்டு, பிறகு விரல்கள்,
கடைசியில் அந்தச் சின்ன உதறல்.
ஃபிரேம் ஃபிரேமாக எனக்குத் தெரிந்த கை.

நாற்காலியைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டேன்.