கொட்டாய்

மெத்தை வீட்டுக்குச் சதுரம், கூரைக்கு முக்கோணம்.
ஊருக்குள் இடமில்லாமல்
சதுரத்தைச் சதுரம் இடித்தது.
பத்து மணிக்குள் ஒரு தாள்.

அப்புறம் கொல்லைமேடு.
பாப்பாரப்பட்டி பஸ் போகாத தடத்தில்
ஒரு கிணறு, ஒரு நாய், ஒரு வீடு;
அடுத்ததற்கு அரை மைல் துவரை.
கிணறு வெட்டினவன் பேர்தான் ஊருக்கும்:
தாசன் கொட்டாய், பச்சியப்பன் கொட்டாய்,
பாகத்தில் சண்டைபோட்டுப் பிரிந்த அவன் தம்பி கொட்டாய்.

கடைசியில், போர்வெல் போட்டு
ஆறு மாதமான கூரை வீடு.
பொம்மி மாட்டை இழுத்துக் கட்டினாள்.
"ஊர் பேர் என்னம்மா?"
"இன்னும் யாரும் கூப்பிடலியே."

வெற்றுத்தாள் நடுவே
ஒற்றை முக்கோணம்.
பேனாவை உதறினேன்.
மாடு சாணி போட்டது.
"பொம்மி கொட்டாய்னு போடேன்," என்றாள்,
"தண்ணி என்னோடதுதானே."